ஆளுநரின் கடைவாய்ப் பல்

1853ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் பன்னிரண்டாம் நாள், செவ்வாய்க்கிழமை, முற்பகல் பத்து மணி நாற்பது நிமிடத்துக்கு, ஆளுநர் ஒபதியா ஸ்ட்ரவுட் நடு ஆற்றில், ஒரு படகில், வாயைத் திறந்தபடி அமர்ந்திருந்தார்.

ஆற்றின் நடுக்கோடே மாநிலத்தின் எல்லை. நில அளவையாளர் அக்கோட்டின்மேல் ஒரு பீப்பாயை நங்கூரமிட்டு மிதக்கவிட்டிருந்தார்.

பீப்பாய்க்கு இப்புறம் ஆளுநரின் படகு. அப்புறம், அதனோடு சேர்த்துக் கட்டிய பல் மருத்துவர் ஆன்சல் விக்கரியின் படகு.

ஆளுநர் எல்லையைத் தாண்டக் கூடாது. தாண்டினால், அவர் திரும்பும்வரை துணை ஆளுநரே ஆளுநர் என்பது சட்டம். துணை ஆளுநர் லைசாண்டர் ஹேட்லி, தலைநகரைத் தம் சொந்த ஊருக்கு மாற்றும் மசோதாவையும் மைக்கூட்டையும் மடியில் வைத்துக்கொண்டு மூன்றாம் படகில் காத்திருந்தார்.

இருபது ஆண்டு அரசியலில் ஸ்ட்ரவுட் உருப்படியாகச் செய்த ஒரே காரியம், தலைநகரில் சட்டமன்றக் கட்டடம் எழுப்பியது. ஹேட்லியின் ஊரில் இருந்தவை ஒரு சாராய ஆலையும் இரண்டு பன்றிப் பட்டிகளும்.

மருத்துவரும் எல்லையைத் தாண்டக் கூடாது. தாண்டினால் கைது.

முந்தைய ஆண்டு ஒரு பொதுக்கூட்டத்தில் ஹேட்லி பல் தெரியச் சிரித்தபோது, அந்தச் சிரிப்பு தம்முடைய கைவேலை என்று எழுந்து நின்று அறிவித்தவர் விக்கரி. மறுநாள் விடியலில் இருவரும் கைத்துப்பாக்கியோடு சந்தித்தனர். ஹேட்லிக்கு இடக் காதின் நுனி போயிற்று. விக்கரிக்கு ஊர் போயிற்று.

பிடியாணையில் கையொப்பமிட்டவர் ஆளுநரே. குறி சற்றுத் தவறியதில் தமக்கிருந்த வருத்தத்தை அவர் எவரிடமும் சொன்னதில்லை.

இக்கரையில் பல் பிடுங்கத் தெரிந்தவர், குதிரைக்கு லாடம் அடிப்பவர் ஒருவர்தாம். சென்ற மாதம் அவர் ஒரு நீதிபதியின் பல்லோடு தாடையையும் பெயர்த்திருந்தார்.

ஆளுநரின் கன்னம் ஒன்பது நாள்களாக வீங்கியிருந்தது. ஆகவே, நடு ஆறு.

"நங்கூரம் கெடந்தா படகு வெட்டி வெட்டி இழுக்கும். கை தப்புனா நாக்கு போயிடும். தூக்கச் சொல்லுங்கய்யா," என்றார் விக்கரி.

நங்கூரங்கள் தூக்கப்பட்டன. ஹேட்லியும் தம் நங்கூரத்தைத் தூக்கிவிட்டு, ஆளுநரின் படகு விளிம்பை இறுகப் பற்றிக்கொண்டார். துடுப்புக்காரர்கள் துடுப்புகளைக் கிடத்திவிட்டு ஆளுநரின் கால்களைப் பிடித்தனர்.

ஒரு கோப்பை விஸ்கிக்குப் பின் குறடு வாய்க்குள் சென்றது. ஆளுநரின் தலை எல்லைக்கு அப்பால் சாய்ந்தது. தலை அயல் மாநிலத்திலும் பதவி சொந்த மாநிலத்திலுமாக அவர் வானத்தைப் பார்த்தார்.

ஹேட்லி இறகுப் பேனாவை மையில் தோய்த்தார். "தல வந்துருச்சு. தல மட்டும் போதாதுன்னு வக்கீல் சொல்லிட்டாரு. இடுப்பு வருதா, டாக்டர்?"

"நான் வாயப் பாக்கவா, இடுப்பப் பாக்கவா? காத்தடிக்குது, மொதல்ல உங்க பல்லக் கெட்டியாப் பிடிச்சுக்குங்க."

ஆளுநருக்குச் சிரிப்பு வந்தது. குறடு அதை அனுமதிக்கவில்லை.

விக்கரி ஒரு காலை ஊன்றி இழுத்தார்.

பல் வரவில்லை. ஆளுநர் வந்தார்.

தலை, இடுப்பு, கால் என அனைத்தும் மருத்துவரின் படகில் விழுந்தன. பூட்ஸ் மட்டும் துடுப்புக்காரர்களின் கையில் எஞ்சியது. ஹேட்லி அக்கணமே கையொப்பமிட்டு, மையை வாயால் ஊதி உலர்த்தினார்.

அவர் ஊதி முடிப்பதற்குள் மூன்று படகுகளும் ஒருசேரத் தரை தட்டின.

பீப்பாயை எவரும் பார்த்துக்கொண்டிருக்கவில்லை. அது கால் மைலுக்கு மேற்கே ஒரு புள்ளியாகத் தெரிந்தது. படகுகள் ஏறி நின்றது மாநிலத்தின் சொந்தக் கரை.

அந்தக் கரையோரமாகவே ஓடிவந்த ஷெரிப், மூச்சிரைக்கப் பிடியாணையை விரித்தார். "ஆளப் பிடிச்சிரட்டுங்களாய்யா?"

விக்கரி குறட்டிலிருந்து கையை எடுக்கவில்லை. குனிந்து, மிகவும் தணிந்த குரலில் கேட்டார்: "இங்கயே எடுத்துரவா, இல்ல ஜெயிலுக்கு வந்து எடுத்துக்கிறீங்களா?"

ஆளுநர் கையை உயர்த்தி ஷெரிப்பை நிறுத்தினார்.

பதினொன்று இருபதுக்குப் பல் கரையில் வைத்து எடுக்கப்பட்டது. அன்று மாலையே, பொதுநலன் கருதி, பிடியாணை நீக்கப்பட்டது.

மசோதா வழக்கு ஜூன் மாதம் உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. படகுகளில் இல்லாமல், கரையில் நின்றே பார்த்த சாட்சி ஒருவரே: மருத்துவரின் மனைவியும், அந்த ஆற்றுத் துறையில் நாற்பது ஆண்டு ஓடம் விட்டவரின் மகளுமான ஹல்டா விக்கரி. ஹேட்லி கையொப்பமிட்டபோது படகுகள் கரைக்கு இருபது அடிக்குள் வந்துவிட்டன என்றும், தாம் அதை அருகிலிருந்து கண்டதாகவும், படகுகள் தட்டிய அதே இடத்தில், கணவரின் உலர்ந்த காலுறைகளோடு, காலை எட்டு மணியிலிருந்தே நின்றிருந்ததாகவும் அவர் சத்தியம் செய்தார்.

சாட்சியம் ஏற்கப்பட்டது. ஆளுநர் மாநிலத்தை விட்டு வெளியேறியிருக்கவில்லை, ஹேட்லியின் கையொப்பம் செல்லாது, தலைநகர் இருக்குமிடத்திலேயே இருக்கும் என்று முடிவாயிற்று.