படலையடி விசில்

“விசிலடிச்சுக் கூப்பிட நீ என்ன ட்ரபிக் பொலிசோடா?”

“தங்கச்சியைப் பேர் சொல்லிக் கூப்பிட்டா உன்ர கொப்பரெல்லோ வெளியில வாறார், மச்சான்!”

அம்மாவைக் காதலித்த நாட்களில் அப்பாவுக்கும், அம்மாவின் அண்ணன் நகுலேசன் மாமாவுக்கும் எங்கள் வீட்டு வாசல் படலையடியில் நடந்த பேச்சு இது. அன்றே மாமா அந்த விசிலைப் பழகிக்கொண்டார். பிறகு கிணற்றுக்கட்டுக்குப் பின்னால் ஒளிந்திருந்து அதேபோல அடிப்பார். அம்மா அவசரமாகப் பவுடர் பூசிக்கொண்டு ஓடிவருவாள். மாமா நிலத்தில் உருண்டு சிரிப்பார்.

அம்மா அப்பாவின் கல்யாணம் முடிந்த மூன்றாம் மாதம், ஒரு சுற்றிவளைப்பில் இராணுவம் மாமாவைக் கொண்டுபோனது. அவர் திரும்பவில்லை. அதன்பிறகு அப்பா விசிலடித்ததே இல்லை. அம்மாவும் முப்பத்தைந்து வருடங்களாக அடிக்கச் சொல்லிக் கேட்டதில்லை.

குடும்பக் கதையை எழுதப்போகிறேன் என்று நான் வற்புறுத்திய பிறகுதான் இதையெல்லாம் சொன்னாள். சொல்லச் சொல்ல அவளுக்குச் சிரிப்பு அடங்கவில்லை.

“ஒவ்வொருக்காலும் ஏமாந்தனீங்களோ அம்மா?”

“ஆர் ஏமாந்தது? அது அண்ணையின்ர விசில் எண்டு எனக்குத் தெரியும். அண்ணை சிரிக்கிறதைப் பாக்கத்தான் ஓடிப்போறனான்.”

பேக்கரியில் பாண் வாங்கப் புறப்பட்ட அப்பா, படலையில் கை வைத்தபடி நின்றுவிட்டார். அவருக்கும் இது புதிது. அம்மா எழுந்து உள்ளே போனாள். திரும்பி வந்தபோது முகத்தில் திட்டுத்திட்டாகப் பவுடர்.

“இஞ்சாருங்கோ, உதிலயே நிண்டு ஒருக்கா விசிலடியுங்கோவன்.”