செம்பிக்கோழி போட்ட பிளாக்

செம்பிக்கோழியின் முட்டையைக் காக்கை ஒருமுறை கொத்திக்கொண்டு போய்விட்டது. அன்றிலிருந்து அவள் போனும் அலகுமாகவே இருந்தாள். முதலில் காக்கையை பிளாக் செய்தாள். பிறகு அதன் உறவு என்று அண்டங்காக்கையை. எதற்கும் இருக்கட்டும் என்று மைனாவையும். தன் படத்தைக்கூட நீக்கிவிட்டாள். இனி அவள் சங்கதி எவனுக்கும் தெரியாது.

மறுநாள் வைக்கோல் போருக்குப் பின்னால் ஒளிந்து முட்டையிட்டாள். பிறகு போரின் உச்சியில் ஏறி, மூன்று தெருவுக்குக் கேட்கும்படி கொக்கரித்தாள்.

இறங்கி வந்து பார்த்தால் ஓடுதான் கிடந்தது. பக்கத்தில் காக்கை அலகைத் துடைத்துக்கொண்டிருந்தது.

"உன்னைத்தான் பிளாக் பண்ணிட்டேனே, எப்படிடா தெரிஞ்சுது?"

"நீ பண்ணின அன்னைக்கே போனை வித்துட்டேன் அக்கா. காது இருக்கு, போதும்."

வேலியோரம் இருந்த அணிலுக்குப் பொறுக்கவில்லை. "முட்டையிட்டா வாயை மூடிக்கிட்டு இருந்தா என்ன அக்கா?"

செம்பிக்குச் சுருக்கென்றது. என் விஷயத்தில் இவன் யார் மூக்கை நுழைக்க? அங்கேயே போனை எடுத்து அணிலையும் பிளாக் செய்தாள்.

செய்ததை ஊருக்குச் சொல்ல வேண்டாமா? மறுபடி போர்மேல் ஏறினாள்.