நாலாவது மெய்க்கட்டி

“இந்த வீட்டுல யாரோ பொய் சொல்றாங்க. அது யாருன்னு இன்னிக்குத் தெரிஞ்சாகணும்!”

சின்னவள் கரண்டியைத் தரையில் விட்டெறிந்தாள். அவள் கிண்டிய மெய்க்கட்டி மூன்றாவது நாளாகத் தட்டில் தண்ணீராகிக் கிடந்தது.

மெய்க்கட்டி என்பது அந்த நாட்டில் பாலும் மாவும் மலைத்தேனும் சேர்த்துக் கிண்டும் பண்டம். பளிங்கு மாதிரி உறையும். பக்கத்தில் ஒருவர் பொய் சொன்னால் போதும், அடுத்த நொடி கரைந்துவிடும். அதனால்தான் வழக்குமன்றத்தில் சாட்சிகளுக்கு முன்னால் அதை வைப்பார்கள். கரையாமல் இருந்தால் சாட்சிக்கே தின்னக் கொடுத்துவிடுவார்கள். பாதிப்பேர் அதன் ருசி தெரியாமலே போய்ச் சேர்ந்தார்கள்.

வழக்குமன்றத்தில் மெய்க்கட்டி கிண்டும் வேலை இப்போது காலி. கிடைத்தால் வீட்டில் எல்லாருக்கும் வயிறாரத் தானியம் உண்டு. இரண்டு வருஷமாக மழையே இல்லை. ஊர்க் களஞ்சியத்தில் தலைக்கு இரண்டு கை மாவுதான் அளக்கிறார்கள். சின்னவள் தன் பங்கு மாவைத் தினமும் மெய்க்கட்டிக்கே போட்டாள். நாளை மத்தியானம் சோதனை அதிகாரி வருகிறார்.

முதலில் மாட்டியவன் புருஷன்.

“கிண்டும்போது பக்கத்துல வந்து என்ன சொன்னீங்க?”

“நீ அழகா இருக்கேன்னு சொன்னேன்.”

“அது பொய்யா?”

“இதுக்கு எந்தப் பதில் சொன்னாலும் நான் தொலைஞ்சேன்!” என்று அவன் வெளியே நழுவினான்.

மிச்சம் இருந்தது ஓரகத்தி. புருஷனுடைய அண்ணன் பெண்டாட்டி. எல்லாருக்கும் பெரியவள். போன வருஷம் இதே வேலைக்கு முயன்று, இதேபோல் கட்டி கரைந்து தோற்றவள். இப்போது உதவி செய்கிறேன் பேர்வழி என்று அடுப்படியை விட்டு நகர்வதே இல்லை.

“உங்களுக்குக் கிடைக்காதது எனக்கும் கிடைக்கக் கூடாது. அதானே அக்கா?”

“என்னடி இப்படிக் கேட்டுட்டே?”

“நாளைக்கு நான் கிண்டி முடிக்கிற வரைக்கும் நீங்க இந்த வாசப்படியை மிதிக்கக் கூடாது. யார் என்ன நினைச்சாலும் சரி, இந்த வேலையை வாங்காம நான் ஓயமாட்டேன்!”

பெரியவள் தரையில் கிடந்த கரண்டியை எடுத்துக் கழுவி வைத்தாள்.

மறுநாள் காலையில் எல்லாருக்கும் கஞ்சி காய்ச்சி வைத்துவிட்டு அவள் கிணற்றடிக்குப் போய்விட்டாள். சின்னவள் புருஷனையும் துரத்திவிட்டுக் கதவைத் தாழிட்டாள். கிண்டினாள். உள்ளங்கைக் கொப்புளம் உடைந்தது. துணியைச் சுற்றிக்கொண்டு மறுபடி கிண்டினாள்.

உறைந்தே விட்டது! கரண்டியால் தட்டினால் ‘டங்’ என்றது.

“பாத்தீங்களா? அவங்க இல்லேன்னா உறையுது!” என்று கதவைத் திறந்து புருஷனிடம் சொன்னாள்.

அவன் வாயைத் திறக்கவில்லை. அனுபவம்.

அதிகாரி சரியான நேரத்துக்கு வந்தார். குனிந்து பார்த்தார், தட்டிப் பார்த்தார்.

“உறைஞ்சது சரி. இனி பொய்க்குக் கரையுதான்னு பார்க்கணும். கரைஞ்சா வேலை உங்களுக்கு. வழக்கமா நானே ஒரு பொய் சொல்வேன். ‘மாமியார் வீட்டுக்குப் போறதுன்னா எனக்கு ரொம்ப இஷ்டம்’னு சொன்னா நொடியில கரைஞ்சுடும்மா” என்று தொண்டையைக் கனைத்தார்.

“இருங்க ஐயா. நீங்க எதுக்குச் சிரமப்படணும்? அதுக்குன்னே வீட்டுல ஒருத்தங்க இருக்காங்க.”

பெரியவளைக் கூப்பிட்டாள். அவள் வந்து கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

“இது முன்னால சொல்லுங்க. என் மேல உங்களுக்குப் பொறாமைதானே?”

“இல்லை.”

எல்லார் கண்ணும் தட்டின் மேல் இருந்தது. கட்டி அசையவில்லை.

“நான் தோக்கணும்னு நினைச்சீங்களா, இல்லையா?”

“ஒரு நாளும் நினைக்கலை. நீ ஜெயிக்கணும்னுதான் தினமும் வேண்டிக்கறேன்.”

கட்டி கல்லாட்டம் இருந்தது.

சின்னவளுக்கு முகத்தை எங்கே கொண்டு வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. சோதனை அதிகாரி முன்னால் இப்படியா கேட்டோம் என்று காதெல்லாம் சுட்டது. அப்போதுதான் பெரியவளை நன்றாகப் பார்த்தாள். உதடு வெடித்திருந்தது. நிலையைப் பிடித்திருந்த கையில் வளையல் முழங்கை வரை இறங்கியிருந்தது.

“தப்பா நினைச்சுட்டேன் அக்கா. மன்னிச்சுடுங்க. உள்ளே வாங்க, முதல்ல ஒரு வாய் கஞ்சி குடிங்க.”

“நான் காலையிலேயே குடிச்சிட்டேன்டி. இருக்கிறதை நீ குடி.”

மெய்க்கட்டி ஒரு குலுங்கு குலுங்கியது. அவ்வளவுதான், தட்டு நிறையத் தண்ணீர்.

அதிகாரி முத்திரையை எடுத்தார். “வேலை உங்களுக்குத்தாம்மா.”

சின்னவள் காதில் அது விழவில்லை. நாலு நாளாகத் தன் பங்கு மாவு தட்டுக்குப் போய்விட்டது. அப்படியும் தன் கிண்ணத்தில் கஞ்சி ஒரு நாள்கூடக் குறையவில்லை. அது ஏன் என்று இப்போதுதான் அவளுக்குப் புரிந்தது. அழுகை பொத்துக்கொண்டு வந்தது.

“எத்தனை நாளா அக்கா இப்படிச் சொல்லிட்டிருக்கீங்க?”

பெரியவள் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் முகத்தில் நிஜமான ஆச்சரியம்.

“அட, இதைக்கூடவா அது பொய்யில சேர்த்துக்குது? பஞ்சம் வந்த நாள்லேருந்து இந்த வீட்டுல தினமும் நான் சொல்றது இதுதானேடி!”