பிடிவாரண்ட் கேட்டவர்

"போன தடவையும் வரல, இன்னிக்கும் வரல. பிடிவாரண்ட் போட்டுட வேண்டியதுதான்" என்றபடி பேனாவைத் திறந்தார் நீதிபதி தியார்க்ஸ்.

கேனோவின் வக்கீல் ஃபோல்கெர்ட் பதறி எழுந்தார்.

"ஐயா, கொஞ்சம் பொறுங்க. கண்டிப்பா வர்றேன்னு நேத்துகூட சொன்னான். அவன் சம்சாரத்துக்கு இந்த வாரம் பிரசவம்."

"போன் எடுக்கிறானா?"

"இல்லைங்க."

"அப்புறம் என்ன?"

கேனோ துறைமுகத்தில் மீன் ஏலக் கூடத்தில் வேலை பார்ப்பவன். மதுக்கடை வாசலில் நடந்த கைகலப்பில் ஒருத்தன் மூக்கை உடைத்துவிட்டான். அபராதத்தோடு முடிகிற வழக்குதான். ஆனால் பிடிவாரண்ட் போட்டால், விசாரணை முடிகிறவரை உள்ளேதான் இருக்க வேண்டும். பிள்ளை பிறந்த சேதி கம்பிக்குப் பின்னால்தான் போய்ச் சேரும்.

"அரசுத் தரப்புல என்ன சொல்றீங்க?" என்றார் நீதிபதி. சட்டப்படி அதைக் கேட்காமல் கையெழுத்துப் போட முடியாது.

அரசு வக்கீல் வீப்கே எழுந்தார்.

"கண்டிப்பா போடணும் ஐயா. ஏன்னு சொல்றேன்."

சொன்னார். சொல்லிக்கொண்டே இருந்தார். கோர்ட்டை மதிக்காதவன் எதை மதிப்பான் என்று கேட்டார். சாட்சிகள் வேலையை விட்டுவிட்டு வந்து காத்துக் கிடப்பதைச் சொன்னார். பழைய தீர்ப்பு ஒன்றை வாசித்தார். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு இன்னொன்றையும் வாசித்தார்.

நீதிபதிக்கே கொட்டாவி வந்தது. "மேடம், நான்தான் போடறேன்னு சொல்றேனே!"

"நாளைக்கு மேல்கோர்ட்டுல உங்க உத்தரவு நிக்கணும் இல்லையா? முழுசா சொல்லிடறேன்."

ஃபோல்கெர்டுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வழக்கமாக ரெண்டு வரியில் முடிக்கிற அம்மா, செத்த பாம்பை இப்படியா அடிக்கும்?

மூன்றாவது தீர்ப்பை வீப்கே தேடிக்கொண்டிருந்தபோது கதவு படாரென்று திறந்தது. மஞ்சள் மழைக்கோட்டும் வியர்வையுமாக, மூச்சு இரைக்க கேனோ நின்றான்.

"மன்னிச்சிடுங்க ஐயா! கப்பலுக்காகப் பாலத்தைத் தூக்கிட்டாங்க. அக்கரையில மாட்டிக்கிட்டேன். போனையும் வீட்டுலயே விட்டுட்டேன்."

நீதிபதி முறைத்தார். பிறகு பேனாவை மூடினார்.

"உட்காரு. அதான் வந்துட்டியே."

ஃபோல்கெர்டுக்கு அப்போதுதான் மூச்சே வந்தது.

கேனோ குற்றத்தை ஒப்புக்கொண்டான். மூக்கு உடைந்தவனிடம் மன்னிப்பும் கேட்டான். அபராதத்தோடு வழக்கு முடிந்தது. பொண்டாட்டியைப் பார்க்க ஓடியே போனான்.

வெளியே காபி மெஷின் பக்கத்தில் வீப்கேயைப் பார்த்ததும் ஃபோல்கெர்டால் சும்மா இருக்க முடியவில்லை.

"அந்தப் பையனை உள்ள தள்ளுறதுல உங்களுக்கு அவ்வளவு ஆசையா மேடம்? வாய் வலிக்கல?"

"வலிச்சுது. என்ன பண்றது? பாலம் தூக்கியிருக்குன்னு சொல்லியிருந்தா, 'முன்னாடியே கிளம்ப வேண்டியதுதானே'ன்னு கையெழுத்துப் போட்டிருப்பார். அவரைப் பத்தி உங்களுக்குத் தெரியாதா?"

"பாலம் தூக்கினது உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"என் நாற்காலிக்கு நேர் எதிரே ஜன்னல். மஞ்சக் கோட்டு போட்ட ஒருத்தன் அக்கரையில கையை ஆட்டிக் குதிச்சிட்டிருந்தான்" என்றார் வீப்கே. "பாலம் இறங்கி, அவன் ஓடி வர்றவரைக்கும் நான் பேசித்தானே ஆகணும்?"