கேள்விக்குப் பின் ஒரு குரல்

1930. புரூக்ளினில் இருபது நிமிடக் கொலை மர்மப் படம் ஒன்றை எடுத்துக்கொண்டிருந்தார்கள். துப்பறிவாளராக நடித்தவர், "கொன்னது யாரு?" என்று கேட்டார். மற்றவர்கள் பேசாமல் நிற்கவேண்டிய காட்சி, அப்படியே நின்றார்கள்.

ஒலிப்பதிவாளரான ஓரின், அந்தக் காட்சியின் பதிவைப் போட்டுக் காட்டினார். கேள்விக்குப் பிறகு ஒரு பெண்குரல், "மேல விளக்கு பிடிக்கிறவன்" என்றது.

இயக்குநர் சிரித்தார். "யாரும்மா இந்தக் குறும்பு பண்ணது?"

பிணமாகக் கிடந்த நடிகை, "என்னைக் கேக்காதீங்க சார், நான்தான் செத்துட்டேனே!" என்றாள்.

ஓரின் சிரிக்கவில்லை. இரண்டு வருடங்களுக்கு முன்பு ஆற்றில் பிணமாகக் கிடைத்த அவருடைய தங்கை கோராவின் குரல் அது. கொன்றவன் அகப்படவே இல்லை.

ஏணியில் ஏறிப் பார்த்தார். விளக்கு எரிந்துகொண்டிருந்தது. விளக்குக்காரன் கழற்றி மாட்டியிருந்த தன் கோட்டைக்கூட எடுக்காமல் ஓடிப்போயிருந்தான்.

இறங்கிவந்து, தங்கையின் குரலுக்காக மறுபடியும் பதிவைப் போட்டார். கேள்விக்குப் பிறகு யாரும் பேசவில்லை.