எந்த ஊர்க் கோர்ட்?

“அந்த ஆள் மனுஷனே இல்லை மேடம். கல்லு!” என்றார் அண்ணன், கோர்ட் வராந்தாவின் எதிர்ப்பக்கத்தைப் பார்த்துப் பல்லைக் கடித்தபடி.

அங்கே தூணோரம், தங்கையின் கணவன் வக்கீல்கூட இல்லாமல் தனியாக நின்றிருந்தான். கசங்கிய சட்டை, தூங்காத கண்.

அவன் தன் ஊர்க் குடும்ப நீதிமன்றத்தில் விவாகரத்து வழக்குப் போட்டிருந்தான். அங்கே போக ஒரு ராத்திரி முழுக்க பஸ்ஸில் உட்கார வேண்டும். முதல் விசாரணைக்கு முன்பே, வழக்கைப் பெண்ணின் ஊருக்கு மாற்றித் தரும்படி அண்ணன் ஓடிவந்து தங்கையை மேல் கோர்ட்டில் மனுப் போட வைத்தார். நீதிபதி இன்று இரண்டு பேரையும் நேரில் வரச் சொல்லியிருந்தார்.

“பஸ் பயணம் உனக்கு ஒத்துக்குமாம்மா?” என்று அவன் மனைவியைக் கேட்டார் பெண் தரப்பு வக்கீலம்மா.

“ஏறினாலே வாந்தி மேடம் இவளுக்கு,” என்றார் அண்ணன். “தனியா அனுப்ப முடியுமா? ஒவ்வொரு தடவையும் கடையை இழுத்து மூடிட்டு நானும்ல கூட அலையணும்!”

மனைவி பெஞ்சு நுனியில் உட்கார்ந்து கைக்குட்டையைத் திருகிக்கொண்டிருந்தாள். பாவம், ரொம்ப அடிபட்ட மனசு என்று நினைத்துக்கொண்டார் வக்கீலம்மா.

வழக்கு அழைக்கப்பட்டது. நீதிபதியும் ஒரு அம்மாதான். கணவனை ஏற இறங்கப் பார்த்தார்.

“பொண்ணோட ஊருக்கு மாத்தினா உங்களுக்கு என்ன கஷ்டம்?”

“மாத்தக் கூடாதும்மா. எங்க ஊர்லதான் நடக்கணும்.”

“ரெண்டுக்கும் நடுவுல ஒரு ஊர்ல வச்சுக்கலாமா?”

“வேண்டாம்மா.”

“சரி, அவங்க வீட்டுல இருந்தே வீடியோவுல பேசட்டும். யாருக்கும் அலைச்சல் இல்லை.”

அவன் முகம் வெளுத்துவிட்டது. “ஐயோ, அது மட்டும் வேண்டாம்! அவ நேர்ல வரணும். எங்க ஊருக்கு வரணும்.”

கோர்ட்டில் முணுமுணுப்பு எழுந்தது. வக்கீலம்மாவுக்கு ரத்தம் கொதித்தது.

“பாருங்கம்மா! எந்த வழி சொன்னாலும் வேண்டாம்கிறார். இவருக்கு விவாகரத்துகூட முக்கியமில்லை. ஒரு பொண்ணை அலைக்கழிக்கணும், அவ்வளவுதான். இது வழக்கே இல்லை, வன்மம்!”

அவன் கையெடுத்துக் கும்பிட்டான். “ஒரே ஒரு தடவை வரட்டும்மா. அதுக்கப்புறம் எந்த ஊருக்கு வேணும்னாலும் மாத்திக்கட்டும்.”

நீதிபதியின் புருவம் சுருங்கியது. மனைவி பக்கம் திரும்பினார். “நீ என்னம்மா சொல்றே?”

“அந்த ஊர்ப் பேரைக் கேட்டாலே இவளுக்கு…” அண்ணன் பின்வரிசையிலிருந்து எழுந்தார்.

“நான் உங்களைக் கேட்கலை. உட்காருங்க.”

மனைவியின் உதடு அசைந்தது. கண் அண்ணனிடம் போய்த் திரும்பியது. நீதிபதி கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார்.

“அந்தப் பொண்ணும் அவங்க வக்கீலும் என் அறைக்கு வரட்டும். வேற யாரும் வேண்டாம்.”

அறைக் கதவு சாத்தப்பட்டது. நாற்காலியைக் காட்டியும் அவள் உட்காரவில்லை.

“இங்க பேசினா வெளியில கேட்குமாம்மா?”

“கேட்காது. தைரியமா சொல்லு. கேஸை உங்க ஊருக்கு மாத்திடட்டுமா?”

“வேண்டாம்மா. அங்கேயே இருக்கட்டும். அங்கதான் எங்களுக்கு ஆள் துணை இருக்கு.”

வக்கீலம்மா திடுக்கிட்டார். “என்னம்மா இது? மனு போட்டதே நீதானே?”

“அண்ணன் கையெழுத்துப் போடுன்னார். போட்டேன்.” அவள் நீதிபதியின் மேசையை இறுகப் பிடித்துக்கொண்டாள். “என்னை இன்னிக்கே, இங்கேருந்தே, அவரோட அனுப்பி வச்சிடுங்கம்மா.”

“நீ வேண்டாம்னு கேஸ் போட்டவரோடயா?” என்றார் நீதிபதி.

“போடச் சொன்னதே நான்தாம்மா! தனக்குப் பிடிக்காத கல்யாணம் பண்ணிக்கிட்டேன்னு அண்ணன் என்னை இழுத்துட்டு வந்து அறையில பூட்டின அன்னிக்கு, போனைப் பிடுங்குறதுக்குள்ள அவர்கிட்ட இதைத்தான் சொன்னேன். ‘சேர்த்து வை’ன்னு கேஸ் போட்டா அண்ணன் என்னை வாசல் தாண்ட விடமாட்டார், ‘அத்து விடு’ன்னு போட்டாத்தான் அண்ணனே கையைப் பிடிச்சுக் கூட்டிட்டு வந்து என் புருஷன் முன்னாடி நிறுத்துவார்!”