மெயின் தெருவில் எதையும் வாங்காதீர்

மெம்பிஸ் நகரத்துக் கறுப்பினக் குப்பைத் தொழிலாளர்களின் வேலைநிறுத்தத்துக்கு அன்று நாற்பதாம் நாள். தேவாலயம் நிரம்பி வழிந்தது. கல்லூரி மாணவன் வெண்டெல் மேடையேறி முழங்கினான்.

"வெள்ளைக்காரன் கூலியும் ஒழுங்காக் குடுக்க மாட்டான், மனுஷனாவும் மதிக்க மாட்டான். அவன் கடை மட்டும் நமக்கு எதுக்கு? ஈஸ்டருக்குப் புதுத்துணி வேணாம்! நாளைக்கு மெயின் தெருவுல மறியல். ஒருத்தரையும் கடைக்குள்ள விடமாட்டேன்!"

ஆவேசமாகக் கையை உயர்த்தினான். கூட்டம் கைதட்டியது, ஏனோ சிரிக்கவும் செய்தது.

இறங்கி வந்தவனைக் குப்பை வண்டிக்கார ஹோசியா நிறுத்தினார்.

"பேச்சு பிரமாதம் தம்பி. கோட்டுக் கையில விலைச்சீட்டு தொங்குது. மெயின் தெருக் கடைப் பேரும் போட்டிருக்கு."

வெண்டெல் சட்டென்று சீட்டைக் கோட்டுக் கைக்குள் செருகினான். "மேடைக்காக வாங்கினேண்ணே. நாளைக்கே திருப்பிக் குடுத்துடுவேன்!"

"நாளைக்கா? உன்னை மட்டும் உள்ள விட்டுடுவியா?"